வருவோர் தொகையும் தங்கும் செல்வமும்

ஒரு தொழிலுக்கு நாம் இட்டு வழங்கும் பெயர், அத்தொழிலை நாம் எவ்விடத்தில் நின்று நோக்குகிறோம் என்பதைச் சில வேளைகளில் காட்டிக்கொடுத்துவிடுகின்றது. அயல்நாட்டாரின் வருகையை நம்பி நடைபெறும் தொழிலை ஈழத்துத் தமிழர் நெடுங்காலமாக ‘உல்லாசப் பயணத்துறை’ என்று வழங்கி வந்திருக்கின்றனர். இன்று ‘சுற்றுலா’ என்னும் சொல்லும் அதனருகே வந்து நிற்கின்றது. இரண்டும் வருகின்றவன் பக்கம் நின்று எழுந்த சொற்கள். உல்லாசம் கொள்பவனும் அவனே. சுற்றி வருபவனும் அவனே. அவன் வந்து இறங்கும் ஊரிலே முன்னரே வாழ்ந்துகொண்டிருக்கும் மனிதனுக்கு இச்சொற்களுக்குள் இடமில்லை. அவனுக்கும் இடந்தரும் பழஞ்சொல் ஒன்று தமிழில் உண்டு. அதுதான் ‘விருந்து’. விருந்து என்றவுடன் வருபவனோடு வரவேற்பவனும் நம் நினைவுக்கு வந்துவிடுகின்றான். வரவேற்பவனுக்கு ஒரு வீடும், அவ்வீட்டின்மேல் அவனுக்கோர் உரிமையும் இருத்தல் வேண்டும் என்பதும் கூறாமலே விளங்குகின்றது.

ஒரு நாட்டின் பொருளாதாரத்துக்கு இத்தொழில் எத்துணை இன்றியமையாதது என்பதைப் பலரும் எழுதுகின்றனர். எழுதட்டும், அதில் உண்மை உண்டு. ஆயினும், அந்த இன்றியமையாமையை எந்தக் கோலால் அளப்பது என்ற கேள்வியை நம்மவர் அதிகம் கேட்பதில்லை. முல்லைத்தீவு மாவட்டத்தின் தென்கிழக்குக் கோடியிலுள்ள கொக்கிளாய் என்னும் ஊரை முன்வைத்து அக்கேள்வியை இங்கே எழுப்ப விரும்புகிறேன்.

முதலில் நாட்டின் கணக்கைப் பார்ப்போம். 1966ஆம் ஆண்டில் உல்லாசப் பயணத்துக்கெனச் சட்டம் இயற்றிச் சபையொன்று நிறுவப்பட்டது. அவ்வாண்டில் இலங்கைக்கு வந்தவர் 18,969 பேர். பதினாறு ஆண்டுகள் கழிந்து, 1982இல் அத்தொகை 407,230 ஆயிற்று. இருபது மடங்கிற்கு மேற்பட்ட வளர்ச்சி! அடுத்த ஆண்டிலே ஆடிக் கலவரம். அதன் பின் நெடும் போர். போர் முடிந்த 2009ஆம் ஆண்டில் வந்தவர் தொகை 447,890. இருபத்தேழு ஆண்டுகளில் ஏறியது நாற்பதினாயிரமே. உலகின் பிற நாடுகள் இத்தொழிலில் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் நாம் நின்ற இடத்திலேயே நின்றோம்.

அமைதி வந்தபின் 2018இல் 23 இலட்சத்துக்கு மேற்பட்டோர் வந்தனர். அவர்களால் கிட்டிய வருவாய் ஏறத்தாழ 438 கோடி அமெரிக்க டொலர். வெளிநாட்டில் உழைப்போர் அனுப்பும் பணம், ஆடை ஏற்றுமதி என்னும் இரண்டிற்கும் அடுத்த மூன்றாம் இடம் இத்துறைக்குக் கிடைத்தது. 2019இல் உயிர்த்த ஞாயிறன்று குண்டுகள் வெடித்தன. அடுத்து வந்த கொள்ளைநோயால் 2021இல் வருகை இரண்டு இலட்சத்துக்கும் குறைந்தது. 2022இல் டொலர் இல்லாத நாட்டின் நிலை யாது என்பதை எரிபொருள் வரிசைகளில் நின்ற ஒவ்வொருவரும் பட்டறிந்தனர். 2024இல் மீண்டும் இருபது இலட்சத்தைக் கடந்து, வருவாயும் ஏறத்தாழ 317 கோடி டொலராயிற்று.

இக்கணக்கிலிருந்து இரண்டு உண்மைகள் தெளிவாகின்றன. இத்தொழிலின் முதல் மூலதனம் அமைதி என்பது ஒன்று. இது விரைவில் தழைப்பது, அதனினும் விரைவில் வாடுவது. ஆதலால் இதனையே அடிமரமாகக் கொண்டு ஒரு குடும்பமோ ஊரோ வாழ முற்படுவது ஆபத்து என்பது மற்றொன்று. இவ்விரண்டையும் கொக்கிளாய் தன் வரலாற்றினாலேயே அறியும்.

கொக்கிளாய், கடலுக்கும் களப்புக்கும் இடையே கிடக்கும் ஊர். களப்பின் வடபால் முல்லைத்தீவு மாவட்டம். தென்பால் திருகோணமலை மாவட்டத்துப் புல்மோட்டை. நன்னீரும் உவர்நீரும் கலக்கும் அந்நீர்ப்பரப்பில் இறால் பிடிப்பது பழந்தொழில். கண்டற் காடுகளும் நீருக்கடியிலுள்ள கடற்புல்லும் இறாலுக்கும் மீன்குஞ்சுக்கும் தொட்டிலாக விளங்குகின்றன. அங்கே கொக்கும் நாரையும் மட்டுமல்ல, கூழைக்கடாவும், பூநாரையும், நீர்க்காகமும், அரிவாள்மூக்கனும், வாத்தினங்களும், ஆலாக்களும் திரள்கின்றன. வடபுலத்துக் குளிருக்கு அஞ்சிப் பல்லாயிரம் கல் பறந்து வருவனவும் அவற்றுள் அடங்கும். ஊரின் பெயரிலே கொக்கு நிற்கின்றது. அயலூராகிய கொக்குத்தொடுவாயின் பெயரிலும் அதுவே நிற்கின்றது.

1951ஆம் ஆண்டில் இக்களப்பு பறவைகளின் சரணாலயமாகப் பிரகடனம் செய்யப்பட்டது. பறவைக்குச் சட்டம் புகலிடம் தந்தது. அதே இடத்தில் மனிதனுக்கு நேர்ந்தது யாது? 1984 டிசெம்பரில் இக்கரையில் சிங்கள மீனவர்கள் கொல்லப்பட்டனர். அதே மாதத்தில் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணி முதலிய தமிழ்க் கிராமங்களின் மக்கள் தம் ஊர்களிலிருந்து வெளியேற்றப்பட்டனர். ஒரு தலைமுறைக் காலம் கழிந்து, போர் முடிந்த பின்னரே அவர்கள் திரும்பி வர முடிந்தது. பறவைகள் ஆண்டுதோறும் தவறாது வந்து சென்ற நீர்க்கரைக்கு, அதன் குடிகள் கால் நூற்றாண்டு வரமுடியாதிருந்தனர். திரும்பியவர்களுட் பலர் தம் வயலுக்கும் கரைக்கும் உரிமை நாட்டும் வழக்குகளோடுதான் வாழ்க்கையைத் தொடங்கினர். அப்பிணக்குகள் இன்னும் ஓய்ந்தபாடில்லை.

போருக்குப் பின் முல்லைத்தீவு கண்ட முதற் சுற்றுலா எத்தகையது என்பதையும் நினைத்துப் பார்த்தல் வேண்டும். புதுக்குடியிருப்புப் பகுதியில் இருந்த நிலத்தடி அரணையும், 2006இல் கரைதட்டிய ஃபரா 3 என்னும் கப்பலின் எலும்புக்கூட்டையும் காண்பதற்குப் பேருந்து பேருந்தாக மக்கள் வந்தனர். அவ்வரண் 2013இல் தகர்க்கப்பட்டது. வந்தவர்கள் பார்த்தார்கள், படம் எடுத்தார்கள், சென்றார்கள். அந்த மண்ணில் யார் வாழ்ந்தார்கள், யாரை இழந்தார்கள் என்று கேட்க அவர்களுட் பெரும்பாலாருக்கு நேரமும் இல்லை. கேட்பதற்கு ஊரில் ஆளும் இல்லை. விருந்தோம்புவோர் இல்லாத இடத்தில் நடந்த சுற்றுலா அது. அவ்வூர்களின் கையில் அதனால் எஞ்சியது யாது? நான் அறிய எதுவுமில்லை.

இங்கேதான் அளவுகோல் பற்றிய கேள்வி எழுகின்றது. ஒருவர் ஐரோப்பாவிலிருந்து பறவை காணப் புறப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவர் செலவிடும் பணத்தில் ஒரு பெரும் பங்கு விமானக் கம்பனிக்குப் போய்விடுகின்றது. அறையை ஒழுங்கு செய்த வெளிநாட்டு நிறுவனம் தன் தரகை எடுத்துக்கொள்ளுகின்றது. எஞ்சியது தலைநகரத்து முகவருக்கும் வாகனக்காரருக்கும் விடுதி முதலாளிக்கும் பங்காகின்றது. விடுதியில் பரிமாறும் வெண்ணெயும் மதுவும் கப்பலில் வந்தவை. கடைசியில் கொக்கிளாய்க் கரையில் தங்குவது ஓர் இளநீரின் விலை. பொருளியலார் இதனைக் ‘கசிவு’ என்பர். ஓட்டைக் குடத்தில் எத்தனை குடம் நீர் ஊற்றினோம் என்று எண்ணுவதால் தாகம் தீராது. நாட்டுக்கு வந்தவர் தொகையை ஆண்டுதோறும் பறைசாற்றும் நாம், வந்த ஊரில் தங்கிய பணத்தின் கணக்கையும் ஆண்டுதோறும் கேட்டல் வேண்டும் என்பதே என் கருத்து.

இது கொக்கிளாய்க்குப் புதிய அனுபவமன்று. களப்பின் அக்கரையில், புல்மோட்டையில், இல்மனைட் என்னும் கனிம மணல் வளம் செறிந்த கடற்கரை இருக்கின்றது. அதற்கெனக் கனிம மணற் கூட்டுத்தாபனம் 1957இலேயே தோன்றிற்று. மணல் பெரும்பாலும் மூலப்பொருளாகவே கப்பலேறிப் பிறநாடு சென்றது. அதனைச் சாயமாகவும் உலோகமாகவும் மாற்றும் தொழிலும், அத்தொழில் தரும் செல்வமும் அங்கேயே பெருகின. சுற்றுலாவின் தன்மை வேறு. இங்கே பண்டம் கப்பலேறுவதில்லை. வாங்குவோர் பண்டம் இருக்கும் இடத்துக்கே வருகின்றனர். களப்பைப் பெயர்த்து எவரும் எடுத்துச்செல்ல முடியாது. ஆகவே ஊருக்கு ஊதியம் தங்குவதற்கு இத்தொழிலில் உள்ள வாய்ப்பு மணல் தொழிலில் இருந்ததினும் பெரிது. அந்த வாய்ப்பையும் நழுவவிட்டால் குற்றம் பண்டத்தினுடையதாகாது, ஏற்பாட்டினுடையதே ஆகும்.

‘பறவை காண வருவோரால் ஒரு சிற்றூர் பிழைக்குமா?’ என்று சிலர் நகைக்கலாம். அவர்கள் தமிழகத்து வேடந்தாங்கலை எண்ணிப் பார்க்கட்டும். அவ்வூரார் பறவைகளைக் காக்கத் தொடங்கியது அழகுணர்ச்சியால் மட்டுமன்று. ஏரியின் மரங்களில் அடையும் பறவைகளின் எச்சம் நீரில் கலந்து வயலுக்கு உரமாயிற்று. அந்த நன்மையை அறிந்த உழவர், வேட்டையாடுவோரைத் தடுக்க வேண்டுமென்று கேட்டு, 1798இல் செங்கற்பட்டு ஆட்சியர் லயனல் பிளேஸ் என்பவரிடம் உறுதி பெற்றனர். அரசு அதனை முறையாகச் சரணாலயம் ஆக்கியது 1936ஆம் ஆண்டளவிலேதான். காவல் முன்னே வந்தது. சட்டம் ஒன்றேகால் நூற்றாண்டுக்கு மேல் பிந்தி வந்தது. பறவையால் ஊருக்குப் பயன்; ஊரால் பறவைக்குப் பாதுகாப்பு. காண வரும் கூட்டம் அந்த உறவின்மேல் பின்னாளில் பூத்ததாகும்.

இன்னும் நெருங்கிய உவமை வேண்டுமாயின் ஒடிசாவின் சிலிக்கா ஏரியைப் பார்க்கலாம். அதுவும் கொக்கிளாய் போன்ற ஓர் உவர்நீர்க் களப்பு. அதன் கரையிலுள்ள மங்களஜோடி என்னும் ஊரார் நீர்ப்பறவைகளை வேட்டையாடி விற்று வாழ்ந்தவர்கள். 2000ஆம் ஆண்டையொட்டி அவர்களே பறவைக் காவலராக மாறினர். எந்தப் பறவை எங்கே அடையும், எந்த வேளையில் இரை தேடும் என்று வேட்டையில் கற்ற அறிவு இன்று வழிகாட்டும் அறிவாகப் பயன்படுகின்றது. இயந்திரம் இல்லாத ஓடங்களைக் கழியூன்றிச் செலுத்தி விருந்தினரை அழைத்துச் செல்கின்றனர். படகும் அறிவும் அவர்களுடையவை. ஆதலால் கூலியும் அவர்களுக்கே சேர்கின்றது.

இதற்கு மாறான வழியும் இலங்கையிலேயே உண்டு. அம்பாறை மாவட்டத்துப் பாணமைப் பகுதியில் 2010இல் சிங்கள உழவரும் மீனவரும் தம் நிலத்திலிருந்து அகற்றப்பட்டனர். படையினரின் முகாம்கள் அங்கே அமைந்தன. கடற்படையின் சுற்றுலா விடுதியும் அக்கரையில் எழுந்தது. நிலத்தின் பெரும்பகுதியைத் திருப்பி அளிக்க அமைச்சரவை 2015இல் தீர்மானித்த பின்னரும் மக்கள் போராட வேண்டியிருந்தது. இந்த இன்னல் தமிழருக்கு மட்டும் உரியதன்று என்பதற்காகவே இதனைக் குறிப்பிடுகிறேன். கரையில் உறுதி இல்லாத ஏழை எந்த மொழி பேசினாலும், அழகான கரை அவனுக்கு ஆபத்தான கரையாகி விடுகின்றது.

ஆகவே கொக்கிளாயில் விடுதிக்கு அடிக்கல் நாட்டுவதற்கு முன் நடைபெற வேண்டியவை சில. வயலும் மனையும், வலை உலர்த்தும் இடமும், படகு ஏற்றும் துறையும் யாருடையவை என்பது எழுத்தில் உறுதியாதல் வேண்டும். இது முதலாவது. களப்பில் இறங்கும் பார்வையாளரிடம் பெறும் கட்டணத்தின் பங்கு ஊர்ச் சங்கங்களுக்கும் பிரதேச சபைக்கும் சேர்தல் வேண்டும். இது இரண்டாவது. பறவை அடையும் இடத்துக்கும் இறால் பெருகும் இடத்துக்கும் இயந்திரப் படகு செல்லலாகாது. இது மூன்றாவது. களப்பின் கரைகளில் தமிழரும் முஸ்லிம்களும் சிங்களவரும் தொழில் செய்கின்றனர்; மூவரும் ஒரே பலகையில் அமர்ந்து வகுக்காத விதி ஒரு பருவமும் நிலைக்காது. இது நான்காவது.

பருவம் என்றதும் மற்றொரு நன்மை புலனாகின்றது. கிழக்குக் கரையில் வாடைக்காற்று வீசும் மாதங்களில் கடல் கொந்தளிக்கும், கடற்றொழில் தளரும். வலசைப் பறவைகள் களப்பை நிறைப்பதும் ஏறத்தாழ அதே காலத்தில்தான். கடல் கதவடைக்கும் வேளையில் களப்பு மற்றொரு கதவைத் திறக்கின்றது. மீன்பிடியை விட்டுவிட்டுச் சுற்றுலாவுக்குப் போ என்று எவரும் மீனவனிடம் கூற வேண்டியதில்லை. கடலில் இறங்க முடியாத நாட்களில் அவன் படகுக்கும் அவன் இல்லத்து அடுப்புக்கும் வேலை கிடைத்தால் போதும். கலவரமோ நோயோ வந்து விருந்தினர் நின்றுவிடும் ஆண்டிலும் அவன் வலை அவனிடமே இருக்கும். இத்தொழிலை அடிமரமாக்காமல் கிளையாக வளர்ப்பதென்பது இதுவே.

ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் இதில் ஒரு பங்குண்டு. களப்பில் இறங்கும் பறவைகளின் ஊர்ப்பெயர்களை முதியோரிடம் கேட்டுத் தொகுப்பது பள்ளி மாணவராலேயே ஆகக்கூடிய வேலை. எவ்வினம் எம்மாதம் வந்தது, எத்தனை வந்தது என்று ஆண்டுதோறும் எண்ணிவைப்பதற்கு, 2021இல் தனிப் பல்கலைக்கழகமான வவுனியாப் பல்கலைக்கழகத்தின் மாணவர் வழிகாட்டலாம். அத்தகைய ஏடு ஒன்று இருந்தால், வெளியூரிலிருந்து வரும் வழிகாட்டிக்கு ஊர்ப் பிள்ளை சுமை தூக்க வேண்டியதில்லை, அவனே வழிகாட்டியாகலாம்.

சத்திமுற்றத்துப் புலவர் நாரையைக் கண்டு பாடிய வரலாறு தமிழ் கற்றார் யாவரும் அறிந்தது. பறவையின் அழகில் ஈடுபட்ட அப்புலவருக்கு, அதனிடம் சொல்லியனுப்ப இருந்த செய்தி தம் வறுமையும் தம் இல்லத்தின் வறுமையுமே. அழகும் வறுமையும் ஒரே கரையில் நின்ற காட்சி அது. கொக்கிளாயின் நிலையும் இன்று அதுவே. அங்கே விருந்தினர் வரட்டும், ஆயிரக்கணக்கில் வரட்டும். ஆனால் ஒவ்வொரு பருவத்தின் முடிவிலும் பிரதேச சபையின் வாசலில் ஒரு கணக்கு எழுதி ஒட்டப்படல் வேண்டும். வந்தவர் எத்தனை பேர், ஊரில் தங்கிய பணம் எவ்வளவு, அது எத்தனை வீடுகளுக்குப் போய்ச் சேர்ந்தது என்பன அதில் இருத்தல் வேண்டும். மூன்றாவது விடை முதலாவதோடு சேர்ந்து வளர்கின்றதென்றால், நாட்டின் சுற்றுலாத்தொழில் வளர்கின்றதென்று நானும் மகிழ்ச்சியோடு எழுதுவேன்.