கொல்லிப்பாவையும் இரிடியக் கலசமும்

சென்ற பருவத்தில் ஒருநாள் நற்றிணை வகுப்பில் பரணரின் பாடலொன்றை விளக்கிக்கொண்டிருந்தோம். காற்று மோதினும், கடும்மழை பொழியினும், இடி விழினும், நிலமே பெயரினும் கொல்லிமலையின் மேற்குச் சரிவில் நிற்கும் பாவையின் எழில் குன்றுவதில்லை. அப்பாவையைப் போலவே தலைவியும் தன் நெஞ்சைவிட்டு நீங்காள் என்று தலைவன் தோழனிடம் கூறுகின்றான். அப்போது பின்வரிசையிலிருந்து மாணவர் ஒருவர் எழுந்து, “ஐயா, அந்தப் பாவை இரிடியமாக இருக்குமோ?” என்று வினவினார். வகுப்பே நகைத்தது. வினவியவர் மட்டும் நகைக்கவில்லை.

பின்னர்த் தனியே அழைத்துக் கேட்டபோதுதான் காரணம் விளங்கிற்று. அவர் திருத்தணிக்கு அப்பால், ஆந்திர எல்லையை ஒட்டிய சிற்றூரினர். அவருடைய தந்தையாரிடம் சிலர் வந்து, இடி விழுந்ததால் இரிடியமாக மாறிய கோயிற்கலசம் ஒன்று தங்களிடம் இருப்பதாகவும், அது அரிசியைத் தன்பால் இழுக்கும் என்றும், அயல்நாட்டார் கோடிகள் கொடுத்து வாங்கக் காத்திருப்பதாகவும் சொல்லியிருக்கின்றனர். அரிசி நகர்வதையும் கண்ணெதிரே காட்டியிருக்கின்றனர். பங்குதாரராகும் ஆசையில் அவர் அரை ஏக்கர் நிலத்தை விற்று முன்பணம் கொடுத்துவிட்டார். திருத்தணி வட்டாரம் 1960 ஏப்ரல் முதல் நாளில்தான் ஆந்திரத்திலிருந்து சென்னை மாநிலத்தோடு இணைந்தது. இன்றும் இருமொழியும் புழங்கும் மண். வந்தவர்களும் இருமொழியிலும் இனிக்க இனிக்கப் பேசினார்களாம்.

இச்செய்தியை ஆசிரியர் அறையில் பகிர்ந்துகொண்டபோது நண்பர் ஒருவர், “இந்த மாயப்பாவைக் கதைகளையெல்லாம் பாடத்திட்டத்திலிருந்து நீக்கிவிட்டால் மூடநம்பிக்கை ஒழியும்” என்றார். நமக்கு அதில் உடன்பாடில்லை. அந்தத் தந்தையார் நற்றிணை படித்து ஏமாறவில்லை, படிக்காமல்தான் ஏமாந்தார்.

பரணர் பாவையின் அழியாமையைப் பேசினாரேயன்றி, அது எந்த உலோகம், எடை யாது, விலை என்ன என்று பேசினாரல்லர். மணிமேகலையில் தூணிலுள்ள கந்திற்பாவை வருவதுரைக்கிறது; சிந்தாமணியில் விசயை மயிற்பொறியேறிப் பறக்கிறாள். ஆயிரத்தொரு இரவுகளில் வரும் பித்தளை நகரக் கதையில், உலோகக் குதிரைவீரனின் கையைத் தேய்த்தால் அவன் சுழன்று வழிகாட்டுகிறான். இவை எவற்றிலும் கேட்பவரிடம் யாரும் முன்பணம் கோரவில்லை. வியப்பை வியப்பாகவே நுகரப் பழகிய உள்ளம், அதனைப் பொட்டலம் கட்டி விற்க வருபவனைக் கண்டவுடன் விழித்துக்கொள்ளும் என்பது நம் துணிபு.

உலோகங்களைப் பற்றிய உண்மையோ கதையினும் வியப்பானது. நம் தணிகைமலையைப் போலவே ஆறுபடைவீடுகளுள் ஒன்றான சுவாமிமலையில் சிற்பியர் தேன்மெழுகும் குங்கிலியமும் கலந்து உருவத்தை வடிக்கின்றனர். அதன்மேல் காவிரி வண்டலைப் பூசி உலர்த்துகின்றனர். சூட்டில் மெழுகு உருகி ஓடிவிட, அந்த வெறுமையில் உலோகக் குழம்பை ஊற்றுகின்றனர். அச்சை உடைத்தால்தான் சிலை வெளிப்படும். ஆதலால் ஓர் அச்சில் ஒரு சிலையே. ஐம்பொன் என்று வழங்கினும், பழஞ்சிலைகளில் பெரும்பங்கு செம்புதான். அடுத்து ஈயமும் வெள்ளீயமும்; பொன்னும் வெள்ளியும் மிகச் சிற்றளவே. சிலையை உருக்கினால் பொன் வழியும் என்று நம்பிக் களவாடியவர்க்குக் கிடைத்தது செம்பே. அதன் கலைமதிப்பை அறிந்த கள்வர்கள் வேறு. அரியலூர் மாவட்டத்துச் சிறீபுரந்தான் நடராசர் அவர்கள் வழியே கடல்கடந்து ஆத்திரேலியாவின் தேசியக் கலைக்கூடத்துக்குச் சென்று, 2014-இல் மீண்டார்.

இரிடியம் என்றொரு தனிமம் உண்மையிலேயே உண்டு. அதனை இங்கிலாந்தின் சுமித்சன் டெனன்ட் 1803-இல் கண்டறிந்தார். அதன் உப்புகள் பல நிறம் காட்டியமையால் வானவில்லின் பெயரால் அமைந்தது அதன் பெயர். செம்பு 1085 பாகை செல்சியசில் உருகும்; இரிடியத்துக்கோ ஏறத்தாழ 2446 பாகை வேண்டும். செம்பு உருக்கும் உலைக்களத்தில் அதனை உருக்கிக் கலசம் வார்த்திருக்க இயலாது. இடி விழுந்தால் செம்பு கருகலாம், உருகலாம். வேறு தனிமமாக மாறாது. அரிசியை இழுக்கும் ஆற்றல் இரிடியத்துக்கில்லை. இரும்புத்தூள் தடவிய அரிசியும் மறைத்துவைத்த காந்தமும் இருந்தால் தகரக் குவளையும் அரிசியை இழுக்கும்!

திருக்குர்ஆனில் சாமிரியின் வரலாறு வருகிறது. நபி மூசா (அலை) அவர்கள் மலைக்குச் சென்றிருந்தபோது, சாமிரி மக்களின் நகைகளைக் கொண்டு ஒரு கன்றின் உருவத்தை வார்த்துக் காட்டினான். அதிலிருந்து ஓசை எழுந்தது. அக்கன்று ஒரு சொல்லுக்கேனும் மறுமொழி தருமா என்று மக்கள் எண்ணிப் பார்க்கவில்லையே என்பதே அங்கு எழுப்பப்படும் வினா. சிறுவயதில் இதனைக் கேட்டபோது கன்றையே நினைத்துக்கொண்டிருந்தோம். அந்த மாணவரைச் சந்தித்த பிறகுதான், உலையில் போடப்பட்ட நகைகள் யாருடையவை என்பது நம் நினைவில் உறைக்கிறது.

வேதியியல் துறை நண்பர் ஒருவரை அழைத்துவந்து, நற்றிணை வகுப்பிலேயே அரிசியையும் காந்தத்தையும் வைத்துச் செய்துகாட்டச் சொன்னோம். தமிழ் வகுப்பில் இது எதற்கு என்று கேட்டவர்களும் உண்டு. அம்மாணவர் காந்தத்தைக் கையில் வாங்கி நெடுநேரம் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு, வீட்டுக்குக் கொண்டுசெல்ல இரண்டுநாள் இரவலாகத் தரமுடியுமா என்று கேட்டார். கொடுத்தனுப்பினோம்.

திங்களன்று திருப்பிக் கொடுத்தபோது, தந்தை எல்லாவற்றையும் பொறுமையாகப் பார்த்தார் என்றார். பார்த்துவிட்டு, “இது காந்தம், சரி. அவர்கள் காட்டியது கலசமாயிற்றே” என்றாராம்.