ஆச்சிக்கு நாம் எழுதிய கணக்கு

மனோரமாவைப் பற்றிப் பேச்சு வந்தால் நம்மவர்கள் முதலில் ஓர் எண்ணைச் சொல்லுகிறார்கள். 1500 படம்! சொல்லிவிட்டு ஒரு பெருமூச்சு. அத்தோடு கடமை தீர்ந்தது. கின்னஸ் புத்தகத்தில் பெயர் ஏறியவராக்கும் என்று பக்கத்திலிருப்பவர் கூட்டிச் சொல்லுவார். விசைத்தறியில் ஓடிய கெஜக் கணக்கைச் சொல்லுவதுபோல் ஒரு கலைஞரின் வாழ்வைச் சொல்லுகிறோமே என்கிற கூச்சம் ஒருவருக்கும் கிடையாது.

எனக்கு இந்த எண்ணின்மேல் வெகுநாளாய்க் கோபம். 1500 என்பது அந்த அம்மாளுக்கு நாம் சூட்டிய மாலையென்று எல்லாரும் நம்புகிறார்கள். அது நம்மேல் எழுதப்பட்ட குற்றப் பத்திரிகை என்பது என் கட்சி. ஒரு படத்தில் முழு வேஷம் கிடைக்கிறவருக்கு வருஷத்துக்கு நாலு படம் போதும். மூன்று நாள் வேலை, நாலு காட்சி, நடுவில் ஒரு சண்டை, கடைசியில் ஒரு அழுகை என்று துண்டு துண்டாகக் கொடுக்கப்பட்டவர்தான் ஒரு ஸ்டூடியோவிலிருந்து இன்னொரு ஸ்டூடியோவுக்கு ஓடி ஆயிரத்தைத் தாண்ட வேண்டும். ஒரு முழுச் சோறு போடாமல் ஆயிரம் கவளம் போட்டோம். போட்ட கவளத்தை எண்ணிப் பெருமையும் பட்டுக்கொள்ளுகிறோம்!

சென்ற மாதம் அருப்புக்கோட்டையில் ஓர் அன்பர் இதைக் கேட்டுவிட்டுச் சிரித்தார். படித்தவர், நல்ல நாவல்களாகத் தேடிப் படிக்கிறவர். “என்ன ஸார் செய்வது? அது கதாநாயகி முகம் இல்லையே” என்றார். வெகு சாதாரணமாகச் சொன்னார், வானிலை அறிக்கை வாசிக்கிறவர்போல. அவரை மட்டும் நொந்து பயனில்லை. கொட்டகையில் டிக்கட் வாங்கியவர் அத்தனை பேரும் அதைத்தான் சொல்லியிருக்கிறோம்.

முகம்! 1963-இல் மாடர்ன் தியேட்டர்ஸார் ‘கொஞ்சும் குமரி’யில் அந்த முகத்தைத்தான் கதாநாயகியாக்கினார்கள். அதற்குமுன் 1958-இல் கவிஞர் கண்ணதாசன் ‘மாலையிட்ட மங்கை’யில் அவரைச் சினிமாவுக்குக் கொண்டுவந்து நகைச்சுவை வேஷம் கொடுத்தார். நன்றாகத்தான் கொடுத்தார். ஆனால் நம் ஊரில் ஒரு கதவு திறந்தால் மற்றதையெல்லாம் சாத்திவிடுவது வழக்கம். சிரிக்க வைக்கிறவளா, சரி, நீ சிரிக்க வைத்துக்கொண்டே இரு. வயதானால் அம்மா, அதற்கும் மேலானால் பாட்டி. நடுவிலே இருக்கிற பெண்ணின் வாழ்வு, அதன் ஆசை, அதன் ஆங்காரம் எல்லாம் வேறு முகங்களுக்கு ஒதுக்கப்பட்டவை.

இது நம் நாட்டுக்கு மட்டுமே உரிய நோய் அல்ல. மெக்சிகோ தேசத்தில் சாரா கார்சியா என்று ஒரு நடிகை இருந்தார். 1895-இல் பிறந்து 1980-இல் மறைந்தவர். கிழவி வேஷம் பொருந்துவதற்காக, கிழவியாகாத வயதிலேயே தம் பற்களைப் பிடுங்கிக்கொண்டார் என்று அவரைப் பற்றிச் சொல்லுவார்கள். தேசத்துக்கே பாட்டியானார். எழுபதுகளில் தொலைக்காட்சித் தொடரிலும் அதே பாட்டிதான். இன்றைக்கும் அந்த நாட்டில் ஒரு சாக்லேட் டப்பாவின்மேல் அவர் முகம் இருக்கிறது. நாம் எண்ணைக் கொடுத்தோம், அவர்கள் சாக்லேட் டப்பாவைக் கொடுத்தார்கள்.

மெக்சிகோ வெகு தூரம் என்று வாசகர் நினைக்க வேண்டாம். அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழிக்குப் போகிற சாலையில் இருபுறமும் கண்ணுக்கு எட்டியமட்டும் நிற்கிறதே சீமைக் கருவேலம், அதன் பூர்வீகம் மெக்சிகோவும் அதை ஒட்டிய நாடுகளும்தான். கரிசல் வெடித்துக் கிடக்கிற கோடையில் அந்த மரம் ஒன்றுதான் பச்சை. மூட்டம் போட்டுக் கரியாக்கி விற்றுப் பிழைக்கிற குடும்பங்கள் எத்தனையோ உண்டு. வேண்டாத மரம் என்று ஏசிக்கொண்டே அதனால் அடுப்பெரிக்கிற ஊர் இது. சொல்ல வந்ததை விட்டு மரத்துக்குப் போய்விட்டேன். ஆனாலும் இதை வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தப் பக்கத்துக் கிராமங்களில் பங்குனி, சித்திரைக் கொடைக்கு ஸ்பெஷல் நாடகம் போடுவார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதி வைத்துவிட்டுப் போன கதைகள். பெரும்பாலும் வள்ளி திருமணம். ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் இன்னோர் ஊரிலிருந்து, ஆர்மோனியம் மற்றோர் ஊரிலிருந்து. ஒத்திகை என்பது கிடையாது, மேடையில்தான் சந்திப்பு. இரவு பத்து மணிக்கு மேல் தொடங்கி விடிகிற வரையில் நடக்கும். முதலில் பபூன் வருவார், பிறகு டான்ஸ்காரப் பெண் வருவாள். அவர்களுடைய கேலியும் சண்டையும்தான் ஜனத்தை விழிக்க வைத்து உட்கார வைக்கிறது. அதற்கப்புறம்தான் முருகனும் வள்ளியும். அந்தப் பெண்ணைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்த அதே வாய், விடிந்ததும் “கூத்தாடி” என்று சொல்லுகிறது. பாத்திரம் பேசிய பேச்சை அந்தப் பெண்ணின் கணக்கில் எழுதிவிடுகிறார்கள். திருச்சுழி பஸ் நிறுத்தத்தில் ஒருநாள் காலையில் பார்த்தேன்: முகத்தில் பவுடர் சரியாகப் போகாத ஒரு பெண், முந்தானையைத் தோளோடு இழுத்துப் போர்த்துக்கொண்டு, ஒரு பெட்டியுடன் சுவரைப் பார்த்து நின்றாள். இரவெல்லாம் ஓர் ஊரே பார்த்த முகம். காலையில் பார்வைக்கு அஞ்சிச் சுவர்ப் பக்கம் திரும்பியிருந்தது.

மனோரமா அந்தப் பஸ் நிறுத்தத்திலிருந்து வந்தவர். இதை எவரும் சொல்லுவதில்லை. மன்னார்குடியில் 1937-இல் கோபிசாந்தாவாகப் பிறந்து, தகப்பனார் கைவிட, தாயாரோடு பள்ளத்தூருக்கு வந்து, படிப்பைப் பாதியில் விட்டு வீட்டு வேலை செய்து, பன்னிரண்டு வயதில் மேடையேறியவர். நாடகம்தான் பள்ளிக்கூடம். அண்ணாதுரையுடனும் கருணாநிதியுடனும் மேடையில் நடித்தார், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, ஆந்திரத்து என்.டி.ஆர். மூவருடனும் திரையில் நடித்தார். கொண்டாட்டங்களில் இதையும் ஓர் எண்ணாகத்தான் சொல்லுகிறோம்: ஐந்து முதலமைச்சர்களுடன் நடித்தவர்! 1977-இல் இதே அருப்புக்கோட்டைத் தொகுதி ஒரு நடிகரைச் சட்டசபைக்கு அனுப்பியது, அவர் முதலமைச்சரானார். அரிதாரம் பூசியவரிடம் நாட்டை ஒப்படைக்க நமக்குத் தயக்கமில்லை. கதாநாயகியாய் இருந்தவரிடமும் பின்னர் ஒப்படைத்தோம். சிரிக்க வைத்தவளிடம் ஒரு முழுக் கதையை ஒப்படைக்கத்தான் கை வரவில்லை. அவர் பதவி கேட்டார் என்று நான் சொல்ல வரவில்லை. எதை எவரிடம் நம்பிக் கொடுக்கிறோம் என்பதைச் சொல்லுகிறேன்.

1968-இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ வந்தது. கொத்தமங்கலம் சுப்புவின் கதையை விகடனில் வாரம் தவறாமல் படித்த குடும்பங்கள் கொட்டகைக்குப் போயின. நாதஸ்வர வித்வானாகச் சிவாஜி, நாட்டியக்காரியாகப் பத்மினி, இருவரும் சிகரங்கள்தாம். நடுவிலே நாடகக்காரி ஜில் ஜில் ரமாமணி வந்தாள். அவள் யார்? அந்தப் பஸ் நிறுத்தத்துப் பெண்தான். எழுதியவர் எழுதிக் கொடுத்திருக்கலாம், ஏ.பி. நாகராஜன் இயக்கியிருக்கலாம், ஆனால் வாயாடித்தனத்துக்கு அடியில் ஒரு பெரிய மனசு, மரியாதைக்கு ஏங்குகிற மனசு இருக்கிறதென்று அந்தப் பாத்திரத்தில் காட்டியது, அந்த மேடைகளில் நின்ற கால்களுக்கு மட்டுமே தெரிந்த சங்கதி. அவள் வருகிற நேரம் சொற்பம். படம் முடிந்து வீட்டுக்கு வருகிறபோது அவளும் கூடவே வருகிறாள். ரமாமணியையே நடுவில் வைத்து ஒரு படம் எடுக்க ஏன் எவருக்கும் தோன்றவில்லை?

‘சம்சாரம் அது மின்சாரம்’ 1986-இல் வந்தது. விசு எழுதி இயக்கி ஏவி.எம். எடுத்த படம். மனோரமா அதிலே வேலைக்காரி. எஜமான வீட்டு மானத்தைக் காப்பாற்ற அவள் ஒரு நாடகம் ஆடுகிறாள். தமிழ்நாடே கை தட்டியது. சிறு வயதில் மெய்யாகவே வீட்டு வேலை செய்த ஒருவர் வேலைக்காரி வேஷத்தில் நிற்கிறார் என்று தட்டிய கைகளில் எத்தனை நினைத்திருக்கும்? 1991-இல் ‘சின்னத்தம்பி’யின் விதவைத் தாயைச் சிரிப்பு நடிகை என்று எவர் சொல்ல முடியும்? 1989-ஆம் வருஷத்துப் ‘புதிய பாதை’க்குத் தேசிய விருது கிடைத்தது, அதுவும் துணை நடிகை என்கிற வரிசையில். எத்தனை பாத்திரங்களைத் தோளில் தாங்கியவருக்கு நாம் வைத்த பெயர் துணை!

சொந்த வாழ்விலும் இதே கணக்குத்தான். 1964-இல் நாடகத்தில் உடன் இருந்தவரைக் காதலித்து மணந்தார். பிள்ளை பிறந்த கொஞ்ச நாளிலேயே அந்த மணவாழ்வு முறிந்தது. கைக்குழந்தையைத் தாயாரிடம் விட்டுவிட்டுப் படப்பிடிப்புக்குப் போய் ஊரைச் சிரிக்க வைத்தார். கதாநாயகிகளின் காதலைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிய பத்திரிகைகளுக்கு இது பெரிய கதையாகப் படவில்லை.

கடைசியில் ‘ஆச்சி’ என்றோம். செட்டிநாட்டில் வீட்டுக்கு உடையவளை அழைக்கிற சொல் அது. பள்ளத்தூர் வீடுகளில் பெருக்கி மெழுகிய சிறுமிக்கு, வீட்டுக்காரியின் பட்டம். இதைக் கேட்டு உள்ளம் குளிர்கிறவர்கள் குளிரட்டும். பட்டத்தைக் கொடுத்தவர்கள் வீட்டைக் கொடுக்கவில்லை என்பதுதான் எனக்குத் தெரிகிறது. 2002-இல் பத்மஸ்ரீ, பிறகு சின்னத்திரைத் தொடர்கள், 2015 அக்டோபர் 10-இல் மரணம். மறுநாள் எல்லாரும் 1500 என்றார்கள்.

அருப்புக்கோட்டை அன்பர் விடவில்லை. “இப்போது என்னதான் செய்யச் சொல்லுகிறீர்கள்? அந்த அம்மாள்தான் போய்விட்டாரே” என்று கேட்டார். அவர் தம் ஊர்க் கொடைக்கு நாடகம் பேசுகிற கமிட்டியில் ஒருவர். ஆகவே கையோடு சொன்னேன். டான்ஸ்காரப் பெண்ணின் சம்பளத்தில் மட்டும் பேரம் பேசுகிறீர்களே, அதை நிறுத்துங்கள். பபூனுக்குக் கொடுப்பதை அவளுக்கும் கொடுங்கள். உடை மாற்றத் தாழ்ப்பாள் உள்ள ஓர் அறை வேண்டும். துணைக்கு வருகிற தாயாருக்கோ தங்கைக்கோ பஸ் சார்ஜ் வேண்டும். விடிந்ததும் உங்கள் வீட்டுப் பெண்கள் அவளுக்குக் காப்பி கொடுத்து, பஸ் ஏற்றிவிட்டு வரட்டும். அன்பர் சிறிது யோசித்தார். பஸ் சார்ஜுக்குச் சம்மதித்துவிட்டார். காப்பிக்குத்தான், வீட்டில் கேட்டுச் சொல்லுகிறேன் என்றார்.