பிரியும் வேளையில் ஒரு மறையுரை

பங்கு மக்களுக்கும் குருவுக்கும் மனத்தாங்கல் எழுவது புதிதன்று. அன்பர்களே, இம்மாதம் அதற்கொரு பழைய சான்றைக் காண்போம்.

அமெரிக்காவின் தொடக்க காலப் போதகரான ஜோனத்தன் எட்வர்ட்ஸ் (1703–1758) நம் திருச்சபையினர் அல்லர்; சீர்திருத்தச் சபையைச் சார்ந்தவர். மாசச்சூசெட்ஸ் நாட்டு நார்தாம்ப்டன் ஆலயத்தில், தம் பாட்டனார் ஸ்டாடர்டு மறைந்த 1729 முதல் தலைமைப் போதகராக விளங்கினார். 1741 ஜூலை 8-ஆம் நாள் என்ஃபீல்டு ஊரில், இறைவனின் கோபத்தைக் குறித்து அவர் பேசியபோது மக்கள் கதறியழ, உரையை நிறுத்த நேர்ந்தது. உலகம் அவ்வுரையையே நினைவிற்கொண்டது. நம் நெஞ்சைத் தொடுவதோ வேறொன்று.

நல்லொழுக்கமுடையோர் யாவரும் திருவிருந்தில் பங்குபெறலாம் என்பது பாட்டனார் வழக்கம். மெய்யான விசுவாசத்தை அறிக்கையிடுவோர்க்கே அது உரியது என்றார் பேரர். ஊர் கொதித்தெழுந்தது. 1750 ஜூன் திங்களில் இருநூறுக்கு மேற்பட்டோர் அவரை விலக்க வாக்களித்தனர். அவர் பக்கம் நின்றோர் 23 பேரே.

ஜூலை முதல் நாள் விடைபெறும் உரை. போதகரும் மக்களும் தீர்வை நாளில் கிறிஸ்துவின் திருமுன் மீண்டும் சந்திப்பர் என்றும், யார் பக்கம் நியாயம் என்பது அங்கே வெளிப்படும் என்றும் கூறினார். ஒவ்வொரு குடும்பமும் ஒரு சிறு திருச்சபையாக விளங்கவேண்டும், பிணக்கை விலக்கவேண்டும் என்றும் அறிவுறுத்தினார். பின்னர், வேறு போதகர் கிடையாத ஞாயிறுகளில், தம்மை விலக்கிய அம்மக்களுக்கே நவம்பர் வரை பிரசங்கித்தார்!

அவர் குறையற்றவர் அல்லர். கறுப்பின மக்களை அடிமைகளாக வைத்திருந்தார். அது பாவமென உணர்ந்தாரில்லை. பிறர் தகுதியை ஆராய்பவர் தம் இல்லத்தையும் ஆராய்வது நன்று. இது குருக்களாகிய நமக்கும் பொருந்தும்.

எதிரணியை நடத்திய உறவினர் ஜோசப் ஹாலி பின்னர் மனம் வருந்திக் கடிதம் எழுதினார். ஆயினும் ஊரறியத் தம் தவற்றை அவர் ஒப்புக்கொண்டது 1760-இல். எட்வர்ட்ஸ் இறந்து ஈராண்டு கழிந்திருந்தது.

ஊரறியச் செய்த பிழையை மறைவில் மட்டும் ஆற்றிவிட இயலாது. தீர்வை நாளில் எப்படியும் சந்திக்கப்போகிறோம். அதுவரை ஏன் காத்திருக்கவேண்டும்? நாம் வருத்திய ஒருவர் இன்று உயிரோடிருப்பின், இன்றே அவர் வாயிற்படி ஏறுவோம்.