மின்ரயிலின் நூறாண்டு: சலுகை பெறுவது யார்?

1925 பிப்ரவரி 3 அன்று பம்பாய் விக்டோரியா டெர்மினஸிலிருந்து துறைமுகப் பாதை வழியாகக் குர்லாவுக்கு ஒரு ரயில் புகையின்றிப் புறப்பட்டது. இந்தியாவின் முதல் மின்சார ரயில் அதுவே. 2025இல் நூற்றாண்டு வந்தபோது ரயில்வே அமைச்சகம் விழா எடுத்தது. அகல ரயில் பாதைகள் ஏறத்தாழ முழுமையாக மின்மயமாகிவிட்டதைத் தன் சாதனைப் பட்டியலிலும் சேர்த்துக்கொண்டது. பாதைகள் மின்மயமானது உண்மைதான். ஆனால் மேலே ஓடும் மின்கம்பியைப் புகழ்ந்தவர்களுக்கு, அதன் கீழே படிக்கட்டில் தொங்கிச் செல்பவர்கள் கண்ணில் படவில்லை.

இதே அமைச்சகம்தான், பயணச் செலவில் சராசரியாக 57 சதவீதத்தை மட்டுமே கட்டணமாகப் பெறுவதாகப் பயணச்சீட்டுகளில் அச்சிட்டது. சீட்டு வாங்கும் உழைப்பாளிக்கு, 'நீ பிறர் தயவில் பயணம் செய்கிறாய்' என்று ஒவ்வொரு முறையும் நினைவூட்டும் ஏற்பாடு அது. எஞ்சிய 43 சதவீதம் யாருக்குப் போய்ச் சேருகிறது என்ற கேள்விக்கு அந்தச் சீட்டில் இடமில்லை. பம்பாயின் மின்ரயில் வரலாறு அதற்கு விடை சொல்கிறது.

பம்பாய் ஒடுங்கிய தீவு நகரம். பஞ்சாலைகளும் துறைமுகமும் அலுவலகங்களும் அங்கே குவிந்தன. முதல் உலகப் போர்க் காலத்தில் வீட்டு வாடகை ஏறிய வேகத்தில், 1918இல் காலனி அரசே வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் கொண்டுவர நேர்ந்தது. உழைப்பாளி நகருக்குள் வாழத் தகுந்த கூலி கொடுப்பது ஒரு வழி. அவரைத் தொலைவில் குடியமர்த்தி நாள்தோறும் கொண்டுவந்து சேர்ப்பது மற்றொரு வழி. முதலாளிகளுக்கு எது உவப்பாக இருந்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. நீராவி ரயில் அதற்குப் போதவில்லை. நிலையத்துக்கு நிலையம் நின்று புறப்படும் பாதையில் நீராவி எஞ்சின் வேகம் பிடிக்க நேரமாகும். முனையத்தில் எஞ்சினைக் கழற்றி மறுமுனையில் மாட்ட வேண்டும். இருமுனையிலிருந்தும் ஓட்டத்தக்க மின்தொடர் வண்டிக்கு அந்தத் தொல்லை இல்லை. அதே தண்டவாளத்தில் கூடுதல் வண்டிகளை விட முடிந்தது. 1928இல் கொலாபா – போரிவிலி பாதையும் மின்மயமானது. அடுத்த ஓரிரு ஆண்டுகளில் மலைத்தொடரைக் கடந்து புனே வரையிலும் இகத்புரி வரையிலும் மின்பாதை நீண்டது. 1931இல் சென்னை கடற்கரை – தாம்பரம் மீட்டர்கேஜ் பாதை வந்தது.

அந்த மின்சாரத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. பம்பாயின் ஆலைகளையும் ரயில்களையும் இயக்கிய டாட்டா நீர்மின் திட்டங்கள் மேற்குத் தொடர்ச்சி மலையின் பள்ளத்தாக்குகளை நீரில் மூழ்கடித்து எழுந்தவை. முல்ஷியில் அணை கட்டுவதை எதிர்த்து மாவள் விவசாயிகள் 1921இல் சேனாபதி பாபட் தலைமையில் சத்தியாக்கிரகத்தில் இறங்கினர். தோற்றனர். நூற்றாண்டு விழா மேடைகளில் அவர்களுக்கு என்ன இடம் இருக்கப்போகிறது!

1853இல், போரி பந்தர் – தானே இடையே முதல் ரயில் ஓடிய அதே ஆண்டில், மார்க்ஸ் இந்திய ரயில்வே குறித்து எழுதினார். ரயில் நவீனத் தொழிலுக்கு முன்னோடியாகும், சாதியைத் தாங்கி நிற்கும் பரம்பரைத் தொழில் பிரிவினையைக் கரைக்கும் என்று எதிர்பார்த்தார். அதன் பலன் இந்தியர் கைக்குத் தானாக வந்து சேராது என்பதையும் அதே கட்டுரையில் வலியுறுத்தினார். பின்னதை மறந்து முன்னதை மட்டும் மேற்கோள் காட்டும் பழக்கம் நம்மவரிடமும் உண்டு. மின்ரயிலின் மூன்றாம் வகுப்புப் பெட்டியில் யாரும் யாரையும் தீண்டாமல் நிற்க இயலாதுதான். ஆனால் இறங்கியபின் சேரிக்கும் சாலுக்கும் தனித்தனியே பிரிந்தே போனார்கள். பெண்களின் நிலையும் அத்தகையதே. ஆசிரியர், செவிலியர், தட்டச்சர் எனப் பல்லாயிரம் பெண்கள் வீட்டுக்கு வெளியே ஊதியம் பெற இந்த ரயிலே வழி திறந்தது. 1992இல் மகளிர் மட்டும் செல்லும் தனி ரயிலும் வந்தது. மாலையில் திரும்பும் மகளிர் பெட்டியில் இரவுச் சமையலுக்கான காய்கறி நறுக்கப்படுகிறது. இரண்டாவது வேலைநேரம் ரயிலிலேயே தொடங்கிவிடுகிறது.

பலனைக் கைக்கொள்ளப் போராட வேண்டியிருந்தது. தொழிற்சங்கத் தலைவர்கள் மீரட் சதி வழக்கில் சிறையிலிருந்த நிலையிலும் 1930 பிப்ரவரியில் ஜிஐபி ரயில்வேத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். 1974 மே மாதத்தின் நாடு தழுவிய வேலைநிறுத்தத்தை இங்கே விரித்துரைக்கத் தேவையில்லை, தோழர்கள் அறிந்ததே.

1982இல் தொடங்கிய பஞ்சாலை வேலைநிறுத்தத்துக்குப் பிறகு நிலைமை தலைகீழானது. பரேல், லோயர் பரேல் வட்டாரங்களில் ஆலைத் தொழிலாளர் பெரும்பாலும் நடந்தே வேலைக்குச் சென்றனர். ஆலைகள் மூடப்பட்டு, அந்நிலத்தில் வணிக வளாகங்களும் கண்ணாடி அலுவலகங்களும் எழுந்தன. நிலத்தின் விலையேற்றம் உரிமையாளர் கைக்குப் போனது. உழைப்பவர் குடியிருப்பு கல்யாண், பத்லாபூர், விரார் எனத் தள்ளிப்போனது. ஆலைக் காலத்து எல்பின்ஸ்டன் ரோடு நிலையத்தின் குறுகிய நடைபாலமோ அப்படியே இருந்தது. 2017 செப்டம்பர் 14 அன்று மும்பை – அகமதாபாத் புல்லட் ரயிலுக்கு அடிக்கல் நாட்டப்பட்டது: 508 கிலோமீட்டர், மதிப்பீடு 1 லட்சத்து 8 ஆயிரம் கோடி ரூபாய். பதினைந்தாம் நாள் அந்த நடைபாலத்தில் ஏற்பட்ட நெரிசலில் 23 பேர் உயிரிழந்தனர். பிறகு ஒரு நடைபாலம் கட்ட ராணுவத்தை அழைத்தது அரசு!

43 சதவீதம் போகும் இடம் இதுதான். ஊழியருக்கு நகரில் வாடகை கட்டுமளவுக்கு ஊதியம் தராமல் தப்பிக்கும் ஒவ்வொரு நிறுவனமும் மலிவான சீசன் டிக்கெட்டின் பயனாளி. உழைப்பாளி செலுத்துவது கட்டணத்தோடு முடிவதில்லை. நாளுக்கு மூன்று, நான்கு மணி நேரம் அவர் ஆயுளிலிருந்து கழிகிறது. ஒரு சதுர மீட்டரில் 14 முதல் 16 பேர் வரை நிற்கும் நெரிசலுக்கு ரயில்வே தனிப் பெயரே வைத்திருக்கிறது. மும்பைப் புறநகர்ப் பாதைகளில் ஆண்டுதோறும் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறக்கின்றனர்.

இதற்கு அரசு கண்ட மருந்து ஏசி லோக்கல். 2017 டிசம்பரில் முதல் வண்டி ஓடியது. கதவு மூடும் ரயில் தேவையே. ஆனால் பல மடங்கு கட்டணமுள்ள வண்டிக்காகச் சாதாரண வண்டியை நிறுத்தினால், காசுள்ளவருக்குக் கதவு, இல்லாதவருக்குப் படிக்கட்டு என்றாகிறது. 2025 ஜூன் 9 அன்று மும்ப்ரா அருகே எதிரெதிரே கடந்த இரு வண்டிகளின் படிக்கட்டில் நின்றவர்கள் உரசி விழுந்து மாண்ட பிறகு, ஏசி இல்லாத பெட்டிக்கும் தானியங்கிக் கதவு பொருத்துவது குறித்து ரயில்வே அறிவித்தது.

பயணிகள் அதுவரை காத்திருக்கவில்லை. 2022 ஆகஸ்டில் மத்திய ரயில்வே பத்து சாதாரணச் சேவைகளை ஏசி ஆக்கியது. கல்வாவில் பயணிகள் தண்டவாளத்தில் இறங்கி ஏசி ரயிலை மறித்தனர். பத்லாபூரில் நிலைய அதிகாரியின் அறை முன் திரண்டனர். ஒரு வாரத்துக்குள் அந்தப் பத்துச் சேவைகளும் சாதாரண வண்டிகளாகத் திரும்பி வந்தன.