கைக்கு விலை என்ன?

வைகறைப் பொழுதில் தண்டலம் நெடுஞ்சாலை ஓரத்தில் சற்றே நின்று பாருங்கள், தோழர்களே! புத்தம்புதுக் கார்களைச் சுமந்து செல்லும் நீண்ட டிரெய்லர்கள். துறைமுகம் நோக்கி விரையும் கண்டெய்னர் லாரிகள். ஷிப்டுக்கு ஆளேற்றிச் செல்லும் கம்பெனிப் பேருந்துகள். அவற்றினிடையே, உயிரைக் கையிற்பிடித்துக்கொண்டு இருசக்கர வண்டியில் செல்கிறான் தொழிலாளி. மேற்கே இருங்காட்டுக்கோட்டை, அப்பால் திருப்பெரும்புதூர், தெற்கே ஒரகடம். நாடெங்கும் ஓடும் வண்டிகளை உருவாக்கும் கைகள், அந்த வண்டிகள் ஓடும் சாலையிலேயே நசுங்கிப்போவதும் உண்டு.

விபத்தில் மாண்டவனுக்காக ஊர் அழுகிறது. கையிழந்து பிழைத்தவனுக்காக அழுவோர் யார்? முதல் வாரம் பழத்தோடு வந்து பார்க்கிறார்கள். மூன்றாம் மாதம் ஒப்பந்தக்காரரின் பட்டியலில் அவன் பெயர் இராது. அவனுக்கு வயது இருபத்து நான்கு. இன்னும் முப்பத்தைந்து ஆண்டுகள் உழைத்து உண்ண வேண்டியவன். அவன் கைக்கு விலை என்ன?

மருத்துவர் சான்று தருகிறார்: ஊனம் இத்தனை விழுக்காடு என்று. அதையே உழைப்பின் இழப்பாகவும் எழுதிவிட முனைகிறது இன்சூரன்சு கம்பெனி. இது முறையா? 2010-இல் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குத் தெளிவான விடையளித்தது. இடக்கை போனால் உடலளவில் ஊனம் அறுபது விழுக்காடாக இருக்கலாம். ஆனால் இழந்தவன் ஓட்டுநரோ தச்சரோ என்றால், பிழைப்பின் இழப்பு ஏறத்தாழ நூறு விழுக்காடு. அரசு அலுவலக எழுத்தரானால் வேலையே போகாமலும் இருக்கலாம். ஆகவே அளக்க வேண்டியது எலும்பை அன்று, வாழ்வை!

கணக்குப் போட்டுப் பார்ப்போம். மாதம் 15,000 ரூபாய் கூலி பெறும் இருபத்து நான்கு வயது ஒப்பந்தத் தொழிலாளி. வருங்கால உயர்வுக்காக 40 விழுக்காடு சேர்த்தால் 21,000, ஆண்டுக்கு 2,52,000. 2009-இல் சரளா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்தபடி அந்த வயதுக்குப் பெருக்கெண் 18. மொத்தம் 45,36,000 ரூபாய். பிழைப்பு முழுதும் போயிற்று எனில் இத்தொகை முழுதும் அவனுடையது. முப்பது விழுக்காடுதான் என்று எழுதிவிட்டாலோ 13,60,800. ஒரே கை, ஒரே தொழிலாளி! கூலிக்குச் சீட்டில்லை என்று சொல்லி வருமானத்தை 10,000 எனக் கொண்டால், முழு இழப்பிலும் 15,12,000 ரூபாய் பறிபோகும். ஒப்பந்தக்காரர் தராத ஒரு துண்டுச் சீட்டின் விலை அது!

இதனினும் பெரிய கண்ணி ஒன்றுண்டு. 1982-இல், யார் பிழை என்று பாராமலே நிலையான ஊனத்துக்கு 7,500 ரூபாய் தர வழி செய்தது சட்டம். 1988-இல் அது 12,000, 1994-இல் 25,000. தொகை சிறிதே, எனினும் அது முன்பணம். அதைப் பெற்றுக்கொண்டு முழு நட்டஈட்டுக்கும் வழக்காடலாம். 2019 திருத்தத்தின்படி, 2022 ஏப்ரல் முதல், கொடுங்காயத்துக்கு இரண்டரை இலட்சம் என உயர்த்தினார்கள். நன்று! ஆனால் இன்சூரன்சு கம்பெனி நீட்டும் அத்தொகையை ஏற்றுக்கொண்டால், தீர்ப்பாயத்தில் போட்ட மனு அற்றுப்போகும் என்றும் எழுதிவைத்தார்கள். ஒரு கையால் கொடுத்து, மறு கையால் கதவை அடைத்தார்கள்!

"விரைந்து கிடைப்பது நல்லதல்லவா? ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படி ஏறுவதா?" என்பர் சிலர். விரைவு வேண்டும், மறுப்பவர் யார்? ஆயின் பசியோடு படுக்கையில் கிடப்பவனிடம் இரண்டரை இலட்சத்தைக் காட்டி, நாற்பத்தைந்து இலட்சத்துக்கான உரிமையை எழுதி வாங்குவது விரைவா, வியாபாரமா? முன்பணமாகவே அதைக் கொடுங்கள், முடிவுப்பணம் ஆக்காதீர்கள். இதுவே நம் கோரிக்கை.

மனுவுக்கு ஆறு மாதக் கெடு என்ற விதியை 1994-இல் நீக்கினார்கள்; 2019 திருத்தத்தால் அதை மீண்டும் கொணர்ந்தார்கள். ஆறு மாதத்தில் எலும்பே கூடாத தொழிலாளி எங்கே வழக்கறிஞரைத் தேடுவான்? கெடுவைக் காரணங்காட்டி மனுக்களைத் தள்ளக்கூடாது என்று 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. அது இடைக்கால நிழலே; அதை நம்பி நாள் கடத்தலாகாது.

எனவே தோழர்களே, விபத்துச் செய்தி கேட்டவுடன் மாலையோடு மட்டும் செல்லாதீர். முதல் தகவல் அறிக்கையின் படியைப் பெற்றுத் தாருங்கள். கூலிச் சீட்டு இல்லையேல் வங்கிக் கணக்கு, வருகைப் பதிவு, உடன் உழைப்போர் சாட்சியம் ஆகியவற்றைத் திரட்டுங்கள். அவன் செய்த வேலை எது, இழந்த உறுப்பின்றி அதைச் செய்ய இயலுமா என்பதைத் தீர்ப்பாயத்தில் மருத்துவர் வாயால் சொல்லவையுங்கள். திருவண்ணாமலையிலிருந்தோ பீகாரிலிருந்தோ வந்தவனானால், தன் ஊர்ப் பகுதித் தீர்ப்பாயத்திலேயே மனுப் போடலாம் என்பதைச் சொல்லுங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, படித்துப் பார்க்காமல் எதிலும் கையொப்பம் இடவிடாதீர்!

ஒரு கை போயிற்று. எஞ்சிய கையால் தன் உரிமையைத் தானே எழுதிக்கொடுத்துவிடாமல் காப்பது நம் கடமை.