எழுதத் தெரிந்த நடிகையின் குரல்

நடிப்பு, பிறர் எழுதிய சொற்களைப் பேசும் தொழில். யார் நடிப்பது, எப்படித் தோன்றுவது என்பவற்றை வேறு சிலரே முடிவு செய்கின்றனர். அத்தொழிலில் இருப்பவர் தாமே எழுத முற்பட்டால் என்ன நிகழும் என்பதற்குப் பிரான்ஸின் ஜுடித் கோத்ரெஷ் அண்மைக்கால உதாரணம்.

1972-இல் பாரீஸில் பிறந்த அவர், பதின்ம வயதிலேயே திரைக்கு வந்தார். 1996-இல் 'ரிதிகூல்', 1998-இல் ஹாலிவுட்டில் லியோனார்டோ டிகாப்ரியோவுடன் 'தி மேன் இன் தி அயர்ன் மாஸ்க்' எனப் புகழ் வளர்ந்தது. 1995-இல் நாவல் ஒன்றை வெளியிட்டார். 2010-இல் தாமே ஒரு படத்தை இயக்கினார். 2023 இறுதியில், ஒரு நடிகையின் கடந்த காலத்தைப் பேசும் தொலைக்காட்சித் தொடரைத் தாமே எழுதி, இயக்கி, நடித்தார்.

அதன் பிறகே மௌனம் முழுமையாகக் கலைந்தது. சிறுமியாக இருந்தபோது தம்மைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கியதாக இரு இயக்குநர்கள் மீது 2024 பிப்ரவரியில் புகார் அளித்தார். இருவரும் அதை மறுக்கின்றனர். தீர்ப்புக் கூற வேண்டியது நீதித்துறை. அதே மாதம் சீசர் விருது மேடையில் அவர் ஆற்றிய உரை நாட்டையே உலுக்கியது.

முப்பதாண்டுகளுக்கும் மேலாக ஏன் பேசவில்லை என்று கேட்போர் உண்டு. விடை பொருளாதாரத்திலும் இருக்கிறது. பிரான்ஸில் கலைத்துறையினர் வேலையில்லாக் காலத்துக்கான உதவித்தொகையைப் பெற, ஓராண்டில் 507 மணி நேரம் பணியாற்றியிருக்க வேண்டும். வேலையோ குறுகிய கால ஒப்பந்தம். அடுத்த வாய்ப்பு ஒரு சிலரின் கையில். புகார் அளிப்பதன் இழப்பு ஒருவருக்கு; அதனால் விளையும் பாதுகாப்போ அனைவருக்கும். இத்தகைய சூழலில் மௌனமே பிழைப்புக்கான வழியாகிவிடுகிறது. தமக்கான கதையைத் தாமே எழுதக்கூடியவருக்கு அந்தச் சார்பு சற்றுக் குறைகிறது.

எல்லா நடிகைகளும் எழுத்தாளர்கள் அல்லர். எனவே, பாதுகாப்பைத் தனிமனிதத் துணிவிடம் விட்டுவிட முடியாது. பிரான்ஸ் நாடாளுமன்றத்தின் விசாரணைக் குழு சுமார் 350 பேரிடம் கருத்துக் கேட்டு, 2025 ஏப்ரலில் 86 பரிந்துரைகளை முன்வைத்தது. அவற்றைச் செயல்படுத்தும் நெம்புகோலும் அரசிடம் உள்ளது. திரையரங்க நுழைவுச்சீட்டு ஒவ்வொன்றிலும் வசூலிக்கப்படும் வரி, தேசியத் திரைப்பட மையத்தின் வழியே தயாரிப்பாளர்களுக்கு உதவியாகச் செல்கிறது. பாலியல் துன்புறுத்தல் தடுப்புப் பயிற்சி பெற்றால்தான் அந்த உதவி என்ற நிபந்தனையும் ஏற்கெனவே உள்ளது. அதை மேலும் வலுவாக்கினால், மௌனத்தின் விலையைப் பாதிக்கப்பட்டவருக்குப் பதிலாக நிறுவனங்கள் செலுத்த நேரிடும்.

கலைச் சுதந்திரம் பறிபோகும் என்ற அச்சத்துக்கு இதில் இடமில்லை. படப்பிடிப்புத் தளத்தில் ஒரு சிறுமியைப் பாதுகாப்பதால் எந்தக் கலையும் சிறுத்துவிடாது. குற்றம் சாட்டப்பட்டோர் தம் தரப்பைக் கூறும் உரிமையும் காக்கப்பட வேண்டும்.

கோத்ரெஷ் தம் பங்கை எழுதி முடித்துவிட்டார். எழுதத் தெரியாதவர்களுக்காகச் சட்டம் எழுத வேண்டியது நாடாளுமன்றத்தின் கடமை.