காயமடைந்தவர் இறந்த பின்னும் நிற்கும் இழப்பீட்டு உரிமை: நிலைப்பாட்டு அறிக்கை

சாலை விபத்தில் காயமடைந்து இழப்பீடு கேட்டு மனு தாக்கல் செய்தவர் தீர்ப்புக்கு முன் இறந்துவிட்டால், அந்தக் காயத்துக்கு உரிய இழப்பீடு, மரணத்தின் காரணம் எதுவாயினும், அவருடைய வாரிசுகளுக்குச் சேர வேண்டும் என்பதும், புதிய சட்டத் திருத்தம் நடைமுறைக்கு வந்த 2022 ஏப்ரல் 1-க்கு முந்தைய விபத்துகள் குறித்து நிலுவையிலுள்ள மனுக்களுக்கும் இதே நெறி பொருந்த வேண்டும் என்பதும் பாலசமுத்திரத்தில் இயங்கும் இந்த அமைப்பின் நிலைப்பாடு.

ஒருவரின் உடலுக்கு இழைக்கப்பட்ட தீங்கு குறித்த வழக்குரிமை அவரோடு மடிந்துவிடும் என்பது ஆங்கிலேயப் பொதுச் சட்டத்தின் பழைய கோட்பாடு. இறந்தவரின் வழக்குரிமைகளில் எவை அவருடைய சொத்தை நிர்வகிப்பவர்களுக்குச் செல்லும் என்று வகுக்கும் 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம், அவதூறு, தாக்குதல், மரணத்தை விளைவிக்காத உடற்காயம் ஆகியவற்றை விலக்கி வைத்ததன் மூலம், 306-ஆம் பிரிவில் அந்தக் கோட்பாட்டுக்கு இடமளித்தது. இதனால், விபத்தில் கால் இழந்தவர் அந்தக் காயத்தாலேயே இறந்தால் குடும்பத்துக்கு இழப்பீடு உண்டு என்றும், மூன்றாண்டு படுக்கையில் கிடந்து பின்னர் மாரடைப்பால் இறந்தால் மனு அற்றுப்போகும், அதாவது நடத்த ஆளின்றி முடிந்துவிடும் என்றும் வாதிட வழி பிறந்தது. விந்தை என்னவெனில், இந்தக் கோட்பாடு தோன்றிய இங்கிலாந்தே 1934-ஆம் ஆண்டின் சட்டத் திருத்தத்தால், அவதூறு போன்ற சில நீங்கலாக, அதைக் கைவிட்டுவிட்டது.

1999-இல் நடந்த ஒரு விபத்தில் முழு ஊனமுற்றவர், இழப்பீட்டை உயர்த்தக் கோரிய மேல்முறையீடு நிலுவையில் இருந்தபோது 2015-இல் இறந்துவிட, அவர் குடும்பத்தாரின் உரிமையை எதிர்த்து ஓரியண்டல் இன்சூரன்ஸ் நிறுவனம் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 2021 ஆகஸ்டில் தீர்ப்பளித்த நீதிமன்றம், வலி, வேதனை போன்ற தனிப்பட்ட தலைப்புகளில் கோரிய தொகை இறந்தவரோடு முடிந்துவிடும் என்றும், மருத்துவச் செலவு, வருமான இழப்பு போன்றவை அவர் விட்டுச்செல்லும் சொத்துக்கு ஏற்பட்ட குறைவு என்பதால் வாரிசுகளுக்குச் சேரும் என்றும் பிரித்தது. வெறுங்கையுடன் திரும்பியிருக்கக்கூடிய பல குடும்பங்களுக்கு இத்தீர்ப்பு கைகொடுத்தது என்பதில் ஐயமில்லை. எனினும், விபத்து நடந்து பதினாறு ஆண்டுகள் வலியைத் தாங்கியவருக்கு அந்த வலிக்கான தொகை மட்டும் இல்லாமல் போவதற்குக் காரணம் வழக்கின் தாமதமே அன்றி அவருடைய குறை அன்று என்பதால், அந்தப் பிரிவினையோடு சட்டம் நின்றிருக்கக் கூடாது. நாடாளுமன்றம் இத்தீர்ப்புக்கு முன்பே அதைத் தாண்டிச் சென்றிருந்தது.

மோட்டார் வாகனச் சட்டத்துக்கு 2019-இல் கொண்டுவரப்பட்ட திருத்தம், 166-ஆம் பிரிவில் ஐந்தாம் உட்பிரிவைச் சேர்த்தது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள அந்த உட்பிரிவு, வேறெந்தச் சட்டத்தில் என்ன சொல்லப்பட்டிருந்தாலும், காயத்துக்கு இழப்பீடு கோரும் உரிமை, காயமடைந்தவர் இறந்தால் அவருடைய சட்டப் பிரதிநிதிகளுக்கு எஞ்சி நிற்கும் என்றும், மரணத்துக்கும் காயத்துக்கும் தொடர்பு இருக்க வேண்டியதில்லை என்றும் தெளிவாகக் கூறுகிறது. வாரிசுரிமைச் சட்டத்தின் விலக்கை இந்த வாசகம் மீறி நிற்பதால், தொகையைத் தலைப்புவாரியாகப் பிரித்து ஒரு பகுதியை மறுப்பதற்கு இனி இடமில்லை என்பதே இவ்வமைப்பின் புரிதல்.

முந்தைய விபத்துகளுக்கு இதைப் பொருத்துவது காப்பீட்டு நிறுவனங்களின் மீது புதுச் சுமையை ஏற்றும் என்ற வாதம் ஏற்கத்தக்கதன்று. இழப்பீடு தரும் கடப்பாடு விபத்து நடந்த நாளிலேயே பிறந்துவிட்டது. பிரீமியமும் அந்தக் கடப்பாட்டுக்காகவே வாங்கப்பட்டது. புதிய உட்பிரிவு அதை அழியாமல் காக்கிறதே தவிர, புதிதாக எதையும் உண்டாக்கவில்லை. மாறாக, பழைய நெறியைத் தொடர்ந்தால், வழக்கை இழுத்தடிப்பவருக்கு எதிர்த்தரப்பின் மரணமே ஆதாயமாகிவிடும். அதே வேளையில், இறந்தவருக்கு இனித் தேவைப்படாத வருங்கால மருத்துவச் செலவையும் உதவியாளர் செலவையும் வாரிசுகள் கேட்பது முறையன்று என்பதை இவ்வமைப்பு ஒப்புக்கொள்கிறது. அத்தொகையை இறந்த நாள் வரை கணக்கிட்டால் போதும்.

பழனியை ஒட்டிய இப்பகுதியில் இக்கேள்வி ஏட்டளவில் நிற்பதில்லை. தைப்பூசத்துக்கும் பங்குனி உத்திரத்துக்கும் ஒட்டன்சத்திரம் வழியாகப் பாதயாத்திரை வருவோரும், இருசக்கர வாகனத்தில் தோட்ட வேலைக்குச் செல்வோரும், காய்கறி லாரிகளும் பேருந்துகளும் ஒரே சாலையைப் பகிர்கின்றனர். அடிபட்டவரின் சிகிச்சைக்காக நகையை அடகு வைத்த குடும்பம், அவர் இறந்த பின்னும் வட்டி கட்டிக்கொண்டிருக்கும் நிலையில், மனு முடிந்துவிட்டது என்று சொல்வது அந்தக் கடனை அவர்கள் தலையில் நிரந்தரமாகச் சுமத்துவதாகும்.

வாரிசுகள் யார் என்பதிலும் குறுகிய பார்வை கூடாது. மரண வழக்குகளில், திருமணமான மகளையும் சட்டப் பிரதிநிதியாக உச்ச நீதிமன்றம் 2007-இல் ஏற்றது. திருமணமாகிச் சம்பாதிக்கும் மகன்களும் மனு செய்யலாம் என்று 2020-இல் தீர்ப்பளித்தது. காயமடைந்தவரின் மனுவைத் தொடர்வதிலும் இதே அளவுகோல் பின்பற்றப்பட வேண்டும். குடும்பத்தினரும் காத்திருக்கலாகாது: உரிமையியல் வழக்குகளில் இறந்தவரின் இடத்தில் வாரிசுகளைச் சேர்க்கக் கோருவதற்கான காலம் 90 நாட்கள் என்பதால், அதற்குள் இடைமனு தாக்கல் செய்துவிடுவதே பாதுகாப்பு. வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ் கைக்கு வரத் தாமதமானால், இறப்புச் சான்றிதழையும் குடும்ப அட்டையையும் கொண்டு இடைமனுவை ஏற்று, வாரிசுச் சான்றிதழைப் பின்னர் பெற்றுக்கொள்ளுமாறு திண்டுக்கல் மாவட்டத் தீர்ப்பாயங்களை இவ்வமைப்பு கேட்டுக்கொள்கிறது.

மனு தாக்கல் செய்யாமலேயே காயமடைந்தவர் இறந்துவிடும் நிலைதான் எஞ்சிய பெருங்குறை. அதே 2019 திருத்தம், 166-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவில், விபத்து நடந்த ஆறு மாதங்களுக்குள் மனு செய்ய வேண்டும் என்ற வரம்பையும் விதித்திருப்பதால், ஐந்தாம் மாதத்தில் இறந்தவரின் குடும்பம் காரியங்களை முடிப்பதற்குள் காலம் கடந்துவிடுகிறது. ஐந்தாம் உட்பிரிவு தந்ததை மூன்றாம் உட்பிரிவு பறித்துக்கொள்கிறது. இத்தகைய குடும்பங்களுக்கு அந்தக் காலம் இறந்த நாளிலிருந்து கணக்கிடப்படும் வகையில் ஒன்றிய அரசு சட்டத்தைத் திருத்த வேண்டும்.